இரண்டு கையெழுத்துகள்



இங்கே பேர்லினில் ஹல்லஷெஸ் டோர் நிலையத்தில் இறங்கிச் சற்று நடந்தால் ஃபூர்பிரிங்கர் தெரு வரும். அதில் 8ஆம் இலக்க வீட்டில் 1929இல் ஓர் ஆங்கிலேய இளைஞர் வாடகைக்கு இருந்தார். ஒக்ஸ்ஃபோர்டில் படிப்பை முடித்துவிட்டு வந்தவர், வயது 22. விஸ்டன் ஹியூ ஓடன் என்று பெயர். அவருக்கு முந்திய எழுத்தாளர்கள் பாரிசுக்குப் போனார்கள், இவர் பேர்லினைத் தேர்ந்தெடுத்தார். ஆணை விரும்பிய ஆண் அவர். இங்கிலாந்தில் அதை மறைத்து வாழவேண்டியிருந்தது. இந்த நகரத்தில் மூச்சுவிட முடிந்தது. அந்த ஆண்டு மே மாதத் தொடக்கத்தில் இங்கே காவல்துறை சுட்டு 30க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அதன் எதிரொலி அவருடைய ‘1929’ என்ற கவிதையில் இருக்கிறது. அரசியல் அவர் கவிதைக்குள் நுழைந்த வாசல்களில் ஒன்று இந்த நகரம்.

ஓடனைப் பற்றிப் பேச என்னை அழைத்தபோது ஒரு நண்பர் கேட்டார்: “ஹிட்லருக்குப் பயந்து அமெரிக்காவுக்கு ஓடின ஆளைப் பற்றி நாங்கள் ஏன் பேசவேணும்?” அந்தக் கேள்வி ஆங்கில விமர்சனத்தில் 80 ஆண்டுகளுக்கு மேலாக இருக்கிறது. 1939 ஜனவரியில் ஓடன் நியூயோர்க் போனார், செப்டெம்பரில் போர் மூண்டது. அவர் திரும்பவில்லை. பிரித்தானிய நாடாளுமன்றத்திலேயே அதைப் பற்றிக் கேள்வி எழுந்தது. ஈவ்லின் வோ தன் நாவலில் அவரைக் கேலிப்பாத்திரமாக்கினார். கவிஞர் பிலிப் லார்கின் 1960இல், அமெரிக்காவுக்குப் போன பிறகு ஓடனின் கவிதை தன் மண்ணையும் வேகத்தையும் இழந்துவிட்டது என்று எழுதினார். லார்கின் பழித்தது ஆளை அல்ல, எழுத்தை. அதில் எனக்குப் பாதி உடன்பாடு. பிற்காலக் கவிதைகள் சில, சாப்பாடு முடிந்த மேசையில் நடக்கும் அறிவார்ந்த அரட்டைபோலத்தான் இருக்கின்றன. ஆனால் ஓடிப்போனவர் என்ற சொல்லை இந்த மண்டபத்தில் இருக்கும் யார் வாயாலும் சுலபமாகச் சொல்லிவிட முடியாது. நாடு விட்டு வந்த எங்களுக்கும் அதைச் சொன்னார்கள். இன்றைக்கும் சொல்கிறார்கள்.

அந்தத் தீர்ப்பை எழுதுமுன் 1935இல் போடப்பட்ட ஒரு கையெழுத்தைப் பார்க்கவேண்டும்.

ஜேர்மன் நாவலாசிரியர் தோமஸ் மானின் மூத்த மகள் எரிக்கா மான். நடிகை, எழுத்தாளர். 1933 ஜனவரி 1ஆம் திகதி மியூனிக்கில் ‘மிளகு ஆலை’ என்று பெயர் வைத்து ஒரு காபரே மேடையைத் தொடங்கினார். அந்த மாதம் முடிவதற்குள் ஹிட்லர் ஆட்சிக்கு வந்துவிட்டார். எரிக்கா சுவிற்சர்லாந்துக்குத் தப்பி, அதே மேடையை சூரிச்சில் மறுபடியும் எழுப்பி, நாசிகளைப் பாட்டாலும் நாடகத்தாலும் அடித்துக்கொண்டே இருந்தார். ஜேர்மன் குடியுரிமையைப் பறிக்கப்போகிறார்கள் என்று தெரிந்ததும், ஆங்கிலக் கடவுச்சீட்டுக்காக எழுத்தாளர் கிறிஸ்தோபர் இஷர்வுட்டிடம், என்னைத் திருமணம் செய்வீர்களா என்று கேட்டார். இஷர்வுட் தயங்கி மறுத்து, நண்பர் ஓடனிடம் கேட்டார். எரிக்காவை அதுவரை கண்டேயிராத ஓடன் உடனே தந்தியில் சம்மதம் சொன்னார். அப்போது அவர் ஒரு சிறிய பள்ளிக்கூடத்தில் ஆசிரியர். 1935 ஜூன் 15ஆம் திகதி லெட்பரி என்ற சிற்றூரில் பதிவுத் திருமணம் நடந்தது. எரிக்கா பிரித்தானியப் பிரசையானார். அடுத்த ஆண்டு, எரிக்காவின் மேடைத் தோழி, யூதப் பெண்ணான தெரேசே கீசவுக்கும் இப்படியே ஓர் ஆங்கில எழுத்தாளரை மாப்பிள்ளையாகப் பிடித்துக் கொடுத்தார் ஓடன்.

தாள் ஒன்று மனிதரை என்ன செய்யும் என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. அசூல், அதாவது அரசியல் தஞ்சம், கேட்டு வந்த நாட்களில் என் சட்டைப் பைக்குள் இருந்தது ஒரு டுல்டுங். அந்தச் சொல்லுக்குப் பொருள் சகித்துக்கொள்ளுதல். நான் இங்கே இருப்பதைச் சகித்துக்கொள்கிறார்கள் என்று அந்தத் தாள் சொன்னது. அதை நீட்டிக்கொடுக்கும் நாளுக்கு முந்திய இரவுகளில் நான் தூங்கியதில்லை. விசாவுக்காகச் செய்த கல்யாணங்களைப் பற்றி எங்கள் வீடுகளில் குரலைத் தாழ்த்தித்தான் பேசுவார்கள். ஒரு கவிஞர் அதைத் தலைநிமிர்ந்து செய்தார் என்று பல ஆண்டுகளுக்குப் பிறகு படித்தபோது, எனக்கு அவருடைய ஒரு கவிதையும் தெரியாது. அதன் பிறகுதான் தேடித் தேடிப் படித்தேன்.

இனி இரண்டாவது கையெழுத்து, ஒரு கவிதையின் கீழ் போட்டது. ஸ்பெயினில் உள்நாட்டுப் போர் நடந்துகொண்டிருந்த 1937இல் ஓடன் ‘ஸ்பெயின்’ என்ற நெடுங்கவிதையைச் சிறு நூலாக வெளியிட்டார். வருமானம் ஸ்பெயின் மக்களின் மருத்துவ உதவிக்குப் போனது. அதில் கொலையைத் தேவையான ஒன்றாகச் சொல்லும் ஓர் இடம் வருகிறது. எழுத்தாளர் ஜோர்ஜ் ஓர்வெல் அதைக் கடுமையாகத் தாக்கினார். ஓர்வெல் ஸ்பெயின் போர்முனையில் கழுத்தில் குண்டு பட்டவர், பிணங்களைக் கண்டவர். கொலையைச் சொல்லாக மட்டுமே அறிந்தவர்தான் இப்படி எழுதுவார் என்பது அவர் குற்றச்சாட்டு. தோழர்களே, என் கணிப்பில் ஓர்வெல் சொன்னது சரி. எங்கள் மொழியிலும் பாதுகாப்பான அறைகளிலிருந்து பிறர் சாவுக்கு அழகான வரிகள் எழுதப்பட்டன. அவற்றை எழுதியவர்களில் எத்தனை பேர் பின்னர் அந்தத் தாளைக் கையிலெடுத்து, இது பிழை என்றார்கள்?

ஓடன் சொன்னார். முதலில் அந்த இடத்தைத் திருத்தினார், பிறகு கவிதையையே விலக்கினார். போர் மூண்ட நாளின் திகதியைத் தலைப்பாகக் கொண்ட ‘செப்டெம்பர் 1, 1939’ இன்னும் புகழ்பெற்றது. ஒருவரையொருவர் நேசிக்கவேண்டும், இல்லையேல் சாகவேண்டும் என்ற அதன் மிகப் பிரபலமான வரி பொய் என்று அவருக்குப் பட்டது. அன்பு செலுத்தினாலும் செலுத்தாவிட்டாலும் மனிதர் சாகத்தான் போகிறார்கள் என்பது அவர் வாதம். ஒருமுறை ஒற்றை இணைப்புச் சொல்லை மாற்றிப் பார்த்தார், மனம் ஒப்பவில்லை. 1966இல் வந்த தொகுப்பில் அந்தக் கவிதையே இல்லை. 1964இல் 1930களின் கவிதைகளை ஒருவர் தொகுத்தபோது, தான் எழுதி வெட்கப்படும் குப்பை என்ற குறிப்போடு 5 கவிதைகளைச் சேர்க்க அனுமதித்தார். இந்த இரண்டும் அந்த ஐந்தில் அடங்கும்.

இங்கே எனக்கு ஓடனோடு சண்டை உண்டு. ‘செப்டெம்பர் 1, 1939’ அவர் கையைவிட்டுப் போய்விட்ட கவிதை. 2001 செப்டெம்பரில் நியூயோர்க்கில் கோபுரங்கள் விழுந்தபோது மனிதர்கள் அதைத் தேடியெடுத்து ஒருவருக்கொருவர் அனுப்பிக்கொண்டார்கள். எழுதியவர் வெட்கப்பட்டது அவர்களுக்குத் தேவைப்பட்டது. ஆனாலும் அவர் ஏன் வெட்கப்பட்டார் என்பதை விளங்கிக்கொள்ள இந்த நாட்டுக்குத்தான் திரும்பவேண்டும். 1945இல், குண்டுவீச்சு மக்கள் மனத்தை என்ன செய்தது என்று ஆராய்ந்த அமெரிக்கக் குழுவில் ஒருவராக ஓடன் ஜேர்மனிக்கு வந்தார். முந்திய செப்டெம்பரில் ஒரே இரவில் எரிந்த டார்ம்ஸ்டட்டில், இடிபாடுகளுக்கிடையே, உயிர் பிழைத்தவர்களிடம் கேள்வித்தாளை வைத்துக்கொண்டு பேசினார். கூடவந்த எழுத்தாளர் ஜேம்ஸ் ஸ்டேர்ன் அந்தப் பயணத்தை ஒரு முழு நூலாக எழுதினார். ஓடன் அப்படியொரு நூல் எழுதவில்லை. அந்த மௌனத்தையும் அந்தத் திருத்தங்களையும் நான் ஒன்றாக வைத்தே படிக்கிறேன். மேடைக் குரல் எங்கே கொண்டுபோய் விடும் என்பதை அந்தச் சாம்பலில் நின்று பார்த்தவர் அவர்.

லெட்பரியில் போட்ட கையெழுத்தை மட்டும் அவர் திரும்பப் பெறவில்லை. அவர்கள் ஒருநாளும் சேர்ந்து வாழவில்லை, மணமுறிவும் செய்துகொள்ளவில்லை. 1969இல் எரிக்கா சூரிச்சில் கண்மூடும்வரை சட்டப்படி அவர் ஓடனின் மனைவி. ஓடன் 1973 செப்டெம்பரில் வியன்னாவில் காலமானார்.

1936இல் வந்த அவருடைய ‘பார், அந்நியனே!’ தொகுப்பை எரிக்கா மானுக்குத்தான் காணிக்கையாக்கினார். நூலகத்திலிருந்து ஒரு பிரதி எடுத்துவந்து வாசலருகே மேசையில் வைத்திருக்கிறேன். தேநீர் குடிக்கப் போகும்போது அந்தக் காணிக்கைப் பக்கத்தைத் திறந்து பாருங்கள்.