எண்ணினார்கள்; கேட்டார்களா?

(செங்கலடியில் நடைபெற்ற இளைஞர் கூட்டமொன்றில் நிகழ்த்திய சொற்பொழிவு)

முன்வரிசை வெறுமையாய் இருக்கப் பின்வரிசையை நிரப்பி நிற்கும் இளைஞர்களே!

தலைமுறை மாற்றத்தை அறிஞர்கள் எவ்வாறு ஆராய்கின்றனர் என்பதைப் பற்றிப் பேசுமாறு என்னைப் பணித்திருக்கிறீர்கள். வறண்ட பொருள் என்று சிலர் எண்ணலாம். இந்நாட்டில் இளைஞரைப் பற்றித் தவறாக எண்ணியதால் சிந்திய குருதி எவ்வளவு என்பதை அறிந்தவர்கள் அவ்வாறு எண்ணமாட்டார்கள்.

"இக்காலத்துப் பிள்ளைகள் கெட்டுவிட்டார்கள்" என்ற தீர்ப்பைச் செங்கலடிச் சந்தியில் கேட்கிறோம். வயல் வாடியிலே கேட்கிறோம். கோயில் வீதியிலே கேட்கிறோம். இத்தீர்ப்பை இன்று வழங்குவோர் யார்? நேற்று இதே தீர்ப்பைத் தம் தந்தையரிடம் பெற்றவர்கள்! ஒவ்வொரு தலைமுறையும் அடுத்த தலைமுறைமீது சுமத்தும் குற்றச்சாட்டு, அறிவாகாது. சாட்சியை விசாரியாமல் தண்டனை விதிக்கும் நீதிபதியை நாம் ஏற்போமா?

பருவம் என்பது யாது?

பருவத்தை வகுத்தல் தமிழர்க்குப் புதிதன்று. பேதை முதல் பேரிளம்பெண் ஈறாகப் பெண்ணின் பருவங்களை ஏழாக வகுத்தனர் நம் இலக்கண நூலார். இன்று ஐக்கிய நாடுகள் சபை பதினைந்து முதல் இருபத்து நான்கு வயது வரை உள்ளோரை இளைஞர் என்கிறது. இலங்கையின் 2014ஆம் ஆண்டு இளைஞர் கொள்கையோ பதினைந்து முதல் இருபத்தொன்பது வரை என்கிறது. ஐந்தாண்டு வேறுபாடு ஏன்? இயற்கை இட்ட எல்லை அன்று அது. மனிதர் இட்ட எல்லை. படிப்பு முடியாமல், தொழில் கிடையாமல், மணம் நிகழாமல் காத்திருக்கும் காலம் நீள நீள, 'இளைஞன்' என்ற சொல்லும் நீள்கிறது.

1904ஆம் ஆண்டில் அமெரிக்க உளநூலறிஞர் ஸ்ரான்லி ஹோல், வளரிளம் பருவம் புயலும் கொந்தளிப்பும் நிறைந்தது என்று எழுதினார். 1928இல் மார்கிறெற் மீட் என்னும் பெண் அறிஞர், பசிபிக் கடலிலுள்ள சமோவாத் தீவின் மங்கையரிடையே தங்கிப் பயின்று, அங்கு அப்புயல் வீசவில்லை என்றார். கொந்தளிப்புக்குக் காரணம் உடம்பு அன்று, ஊர் என்பது அவர் முடிவு. 1983இல் டெறெக் ஃபிறீமன் என்பார் மீடின் முடிபுகளை வன்மையாக மறுத்தார். வழக்கு இன்னும் முற்றாகத் தீரவில்லை. ஆயினும் ஒரு நன்மை விளைந்தது: இளைஞரைப் பற்றிப் பேசுமுன் அவர் வாழும் சமுதாயத்தைப் பார் என்ற நெறி நிலைத்தது.

தலைமுறையை ஆக்குவது எது?

1928ஆம் ஆண்டிலேயே காள் மான்ஹைம் என்னும் சமூகவியலறிஞர், ஒரே ஆண்டிற் பிறந்ததனால் மட்டும் மக்கள் ஒரு தலைமுறை ஆகிவிடுவதில்லை என்று காட்டினார். உள்ளம் உருப்பெறும் இளம் பருவத்தில் ஒரு பெரு நிகழ்ச்சியை ஒன்றாகச் சந்தித்தவர்களே ஒரு தலைமுறை என்றார். அந்த ஒரே நிகழ்ச்சிக்கு வெவ்வேறு விதமாக விடையிறுப்போர், அத்தலைமுறைக்குள் வெவ்வேறு அணியினர் ஆவர் என்றும் சொன்னார்.

ஜெர்மனியிற் பிறந்த அக்கருத்தை இந்த வாவிக்கரையிலே பொருத்திப் பாருங்கள். வெள்ளம் பெருகிய 1957; சூறாவளி சுழன்றடித்த 1978 நவம்பர் 23; ஊரே அகதியான 1990; கடல் பொங்கிய 2004 டிசம்பர் 26. நம் பெரியவர்கள் காலத்தை அளப்பது ஆண்டுக் கணக்காலா? "சூறாவளிக்கு முன், சூறாவளிக்குப் பின்" என்றல்லவா அளக்கிறார்கள்! மான்ஹைம் ஏட்டிலே எழுதியதை மட்டக்களப்பு மக்கள் வாழ்ந்து காட்டியிருக்கிறார்கள்.

அணி வேறுபாட்டுக்கும் நம்மிடமே சான்று உண்டு. 1971இல் பல்கலைக்கழக அனுமதியிலே தரப்படுத்தல் புகுந்தது. மருத்துவம் பயிலத் தமிழ்மொழியில் எழுதியவர் 250 புள்ளி பெறவேண்டும், சிங்களமொழியில் எழுதியவர்க்கு 229 போதும் என்றாயிற்று. தமிழ் மாணவர் அனைவரும் அந்த அநீதியால் கொதித்தனர். பின்னர் 1974இல் மாவட்ட ஒதுக்கீடு வந்தபோது, யாழ்ப்பாணத்து மாணவனுக்கு அடைபட்ட வாயில், பள்ளி வசதி குன்றிய மட்டக்களப்பு மாணவனுக்குச் சற்றே திறந்தது. ஒரே மொழி, ஒரே வயது, ஒரே காலம். ஆயினும் அனுபவம் இரண்டு! "தமிழ் இளைஞன்" என்று ஒருமையிற் பேசுவோர் இதனை மறத்தலாகாது.

வயதா, காலமா, தலைமுறையா?

ஆராய்ச்சியாளர் அஞ்சும் பொறி ஒன்று உண்டு. வயதின் விளைவையும், காலத்தின் விளைவையும், தலைமுறையின் விளைவையும் ஒன்றாகக் குழப்புவதே அப்பொறி. 2022இல் நாட்டின் பொருளாதாரம் சரிந்தபோது மூன்று இலட்சத்திற்கும் மேற்பட்டோர் வெளிநாட்டு வேலைக்குப் புறப்பட்டனர். இன்று ஓர் இளைஞன் கத்தாருக்குப் போக விழைகிறான். இருபது வயதின் துடிப்பா? அப்படியாயின் நாற்பதில் அடங்கிவிடும். சரிந்த பொருளாதாரத்தின் நெருக்கடியா? அப்படியாயின் நாற்பது வயதினனும் புறப்படுவான். இந்த மண்ணில் எதிர்காலம் இல்லை என்று முடிவு கட்டிய தலைமுறையின் மனமா? அப்படியாயின் நெருக்கடி தீர்ந்த பின்னும் புறப்பாடு நிற்காது. முதலாவதற்கு மருந்து பொறுமை. இரண்டாவதற்கு மருந்து வேலை. மூன்றாவதற்கு மருந்து நம்பிக்கை. நோயை அறியாமல் மருந்து கொடுப்பவன் வைத்தியன் ஆவானா?

இதனைப் பிரித்தறிய உதவும் முறை ஒன்று உண்டு. ஒரே மக்களைப் பல்லாண்டு தொடர்ந்து கேட்டறிதல் வேண்டும். ஒருநாள் வந்து வினாப்பத்திரம் நிரப்பி, மறுநாள் கொழும்புக்கு ஏகுபவரால் அது கூடாது.

இலங்கை கற்ற பாடம்

இந்நாட்டில் இளைஞர் ஆராய்ச்சி எப்போது வளர்ந்தது? 1971 ஏப்ரலில் தென்னிலங்கைச் சிங்கள இளைஞர் ஆயுதம் ஏந்திய பின்! பேராசிரியர் கணநாத் ஒபயசேகர 1974இல் வெளியிட்ட புகழ்பெற்ற ஆய்வு, கிளர்ச்சியிற் சம்பந்தப்பட்டோர் என்று ஐயுற்றுத் தடுத்து வைக்கப்பட்ட பதினாயிரத்திற்கும் மேற்பட்டோரின் விபரங்களை ஆதாரமாகக் கொண்டது. அவருட் பெரும்பாலோர் கிராமத்திற் பிறந்து, தாய்மொழியிற் படித்து, படிப்புக்கேற்ற தொழில் காணாத இளைஞர். 1945இல் நாடு தந்த இலவசக் கல்வி அறிவுக்கண்ணைத் திறந்தது. திறந்த கண் கண்டதோ மூடிய கதவு. அரிய ஆய்வுதான். ஆனால் அதன் கருப்பொருளை நினைத்துப் பாருங்கள்: சிறைக்கூடமே ஆய்வுக்கூடமாயிற்று!

தெற்கிலே இரண்டாவது முறையும் தீ மூண்டது. எண்ணற்ற இளைஞர் மடிந்தனர். அதன் பின்னரே இளைஞரைப் பற்றிய சனாதிபதி ஆணைக்குழு கூடி, 1990இல் அறிக்கை தந்தது. அதிகாரத் துர்ப்பிரயோகம், தொழில் வழங்கலில் அரசியற் செல்வாக்கு, மொழியால் வந்த தாழ்வு என்பன அங்கே பேசப்பட்டன. ஆங்கிலத்தைச் சிங்கள இளைஞர் 'கடுவ' என்பர். வாள் என்பது அதன் பொருள். தம்மை வெட்டி வீழ்த்தும் வாளாக ஒரு மொழியைக் கண்ட அச்சொல்லைப் பேராசிரியர் திரு கந்தையா ஆராய்ந்தார். ஒரே சொல்லில் ஒரு தலைமுறையின் மனப்புண் முழுவதும் அடங்கியிருந்தது. அதனை முன்னரே செவிமடுத்திருந்தால்? கலவரம் நடந்த பின் கணக்கெடுப்பு. பிணம் வீழ்ந்த பின் விசாரணை! இதுவே இந்நாட்டின் வழக்கமாயிற்று.

எண்ணப்படாத தலைமுறை

சரி, எங்கள் நிலை யாது? 1981இல் இம்மாவட்டத்திற் குடிசன மதிப்பு முறையாக நடந்தது. அடுத்து 1991இல் நடக்கவேண்டியது போரினால் நாடு முழுவதும் நடைபெறவில்லை. 2001இல் நடந்தபோது மட்டக்களப்பில் முழுமை பெறவில்லை. 2012இலேதான் மறுபடியும் முழுக் கணக்கு கிடைத்தது. இடையிலே முப்பத்தோராண்டு! அதற்குள் ஒரு குழந்தை பிறந்து, வளர்ந்து, படித்து, மணந்து, தானும் தாயாகிவிடலாம். அவ்வளவு காலமும் அவள் நாட்டின் முழுக் கணக்கில் இல்லாதவள்!

இங்கிருந்து கூப்பிடு தூரத்தில் வந்தாறுமூலை இருக்கிறது. 1981இல் அங்கே பல்கலைக்கழகக் கல்லூரி தோன்றியது. 1986இல் அது கிழக்குப் பல்கலைக்கழகம் ஆயிற்று. 1990 செப்டெம்பர் 5ஆம் நாள், அதே வளாகத்தில் அகதிகளாய்த் தஞ்சம் புகுந்திருந்தோரில் 158 பேரை இராணுவத்தினர் கொண்டு சென்றனர். அவர்கள் மீளவில்லை. அறிவைத் தேடி இளைஞர் வரவேண்டிய இடத்தில், இளைஞரைத் தேடித் தாய்மார் வந்து நின்றனர். மறுபுறம், பள்ளிப் பருவத்துச் சிறாரை இயக்கங்கள் படையிற் சேர்த்த கொடுமையையும் இம்மண் கண்டது. ஒருவர்க்கு அவன் சந்தேக நபர். இன்னொருவர்க்கு அவன் ஆட்பலம். நிவாரண நிறுவனத்துக்கு அவன் பயனாளி. பட்டியல்கள் பல, ஒவ்வொன்றிலும் அவன் பெயர் உண்டு. எந்தப் பட்டியலிலாவது அவன் கருத்து உண்டா?

பழியா, ஆய்வா?

கேளாமல் தீர்ப்புரைத்தால் என்ன நேரும் என்பதற்கு ஓர் எடுத்துக்காட்டு. இலங்கையிலே தற்கொலை விகிதம் 1995 அளவில் உலகிலேயே மிக உயர்ந்த விகிதங்களுள் ஒன்றாய் நின்றது. மடிந்தோரில் இளைஞர் பலர். பொறுமையற்ற தலைமுறை என்று ஊர் பழித்தது. 1985இல் கேர்ணி, மில்லர் என்னும் அறிஞர் இருவர் சமூக மாற்றத்தின் வேகத்தையும் குடிப்பெயர்ச்சியையும் காரணமாகக் காட்டினர். அதிலும் உண்மை உண்டு. ஆனால் கொடிய நச்சுத்தன்மை வாய்ந்த பூச்சிகொல்லிகளின் இறக்குமதி 1995இலும் 1998இலும் தடுக்கப்பட்ட பின், 2005 அளவில் விகிதம் பாதியாகக் குறைந்தது. 2007இல் டேவிட் கனலும் அவர்தம் குழுவினரும் இதனை எடுத்துக் காட்டினர். இளைஞரின் குணம் பத்தாண்டில் மாறிவிட்டதா? இல்லை! ஒரு நொடித் துயரத்தின்போது கைக்கெட்டிய தூரத்தில் இருந்த நஞ்சு அகன்றது. தலைமுறையைப் பழித்ததால் ஓர் உயிரும் பிழைக்கவில்லை. ஆராய்ந்து சட்டம் செய்ததால் ஆயிரக்கணக்கான உயிர்கள் பிழைத்தன.

உடனிருந்து கற்றல்

கேட்டு ஆராய்ந்தோர் இல்லாமற் போகவில்லை. மார்கிறெற் ரோவிக் என்னும் மானிடவியலறிஞர், போர் நடந்த காலத்திலேயே படுவான்கரை மக்களோடு தங்கி, சிறுவரின் விளையாட்டையும் இளைஞரின் போரையும் ஒருசேர நோக்கி, 'எனிமி லைன்ஸ்' என்ற நூலை 2007இல் வெளியிட்டார். அவர் முடிபுகளை எல்லாரும் ஏற்கவேண்டும் என்பதில்லை. ஆனால் இளைஞரைப் பற்றி இளைஞரிடமே கேட்டார் என்பது உண்மை.

இதனினும் அணித்தாய் ஒரு சான்று நம் கூத்துக் களரியில் இருக்கிறது. 1960களில் பேராசிரியர் வித்தியானந்தன் பேராதனையில் நம் கூத்தைப் பல்கலைக்கழக மேடையேற்றினார். 1962இல் 'கர்ணன் போர்' அரங்கேறியது. விடியவிடிய ஆடிய பாட்டன் கலையை ஒன்றரை மணிக்குள் ஆடிக் காட்டினர் பேரன்மார். அவர்களுள் ஒருவரான சி. மௌனகுரு பின்னாளில் மட்டக்களப்பு மரபுவழி நாடகங்களை ஆராய்ந்து நூலாக்கினார். அதன் பின் வந்த சி. ஜெயசங்கரும் அவர்தம் தோழர்களும் சீலாமுனையிலே வேறொரு வழி கண்டனர். கூத்தை ஊரிலிருந்து எடுத்துச் செல்லாமல், ஊரிலேயே அண்ணாவியாரும் இளைஞரும் கூடியிருந்து, பழைய பாட்டில் பெண்ணை இழித்த இடம் எது, சாதியைத் தாழ்த்திய இடம் எது என்று வாதித்து மீளுருவாக்கினர். அங்கே ஆராய்பவன் யார்? ஆராயப்படுபவன் யார்? பிரித்தல் அரிது! முன்னோரை மறந்ததே இளமை என்பாரும், முன்னோரை அப்படியே பின்பற்றலே மரபு என்பாரும் ஒருங்கே தோற்ற இடம் அது.

பெண்ணைப் பற்றி ஒரு சொல். இளைஞர் பண்பாடு என்று மேனாட்டார் முதலில் எழுதியவை பெரும்பாலும் ஆண்பிள்ளைகளைப் பற்றியே. தெருவில் நிற்பவனைக் கண்டனர். வீட்டில் இருப்பவளைக் காணவில்லை. 1976இல் இங்கிலாந்தில் அஞ்சலா மக்றொபி முதலானோர் இக்குறையைச் சுட்டிக் காட்டினர். மகளுக்கு வீடு கொடுக்கும் வழக்கமுடைய மட்டக்களப்பிலே, தாய் மத்திய கிழக்குக்குப் போய்விடத் தம்பி தங்கையரைத் தாயாய் நின்று வளர்த்த பெண்பிள்ளைகள் எத்தனை பேர்! அவர்களின் கதையை எழுதாத தலைமுறை ஆராய்ச்சி அரை ஆராய்ச்சியே.

செய்யவேண்டியவை

ஆதலால் மூன்று வேண்டுகோள் விடுக்கிறேன். பல்கலைக்கழக மாணவர்களே! உங்கள் ஆய்வுக்கு ஊர் தேடித் தொலைவு போகவேண்டாம். ஏறாவூர்ப்பற்றின் ஒவ்வோர் ஊரிலும் சில குடும்பங்களைத் தேர்ந்து, பத்தாண்டுக்குத் தொடர்ந்து கேளுங்கள். கண்ட முடிவை அதே ஊரின் வாசிகசாலையில், அதே மக்கள்முன் படித்துக் காட்டுங்கள். ஊருக்குத் திரும்பி வராத ஆராய்ச்சி, களத்துக்கு வராத நெல்!

பெரியோர்களே! நீங்கள் கண்ட வெள்ளத்தையும் சூறாவளியையும் தொண்ணூறையும் சொல்லுங்கள். உங்கள் மௌனம் பிள்ளைகளைக் காக்கும் என்று எண்ணியிருந்தீர்கள். சொல்லாத துயரம் மறைவதில்லை. காரணம் தெரியாத கோபமாய் அடுத்த தலைமுறைக்குப் போகிறது. அவர்கள் தலைமயிரையும் உடையையும் பார்த்துத் தீர்ப்புச் சொல்லுமுன், அவற்றால் அவர்கள் என்ன சொல்ல விழைகிறார்கள் என்று ஒருமுறை கேளுங்கள்.

பிரதேச சபையினரும் பாராளுமன்ற உறுப்பினரும் கவனிக்கவேண்டியது ஒன்று. இளைஞர்க்காக வேலைத்திட்டம் தீட்டுமுன் அவர்களைக் கேட்டறிந்த சான்றை மேசைமேல் வையுங்கள். வைக்காத திட்டத்துக்கு நாங்கள் கைதூக்கமாட்டோம் என்று இக்கூட்டம் சொல்லட்டும்!

இளைஞர்களே! உங்களைப் பற்றிப் பிறர் எழுதிய ஏடுகள் போதும். இனி நீங்கள் எழுதுங்கள். எண்ணப்படுவது உங்கள் உரிமை. கேட்கப்படுவது அதனினும் பெரிய உரிமை. கேட்பாரை எதிர்பார்த்துப் பின்வரிசையில் நில்லாதீர்கள். முன்வரிசை வெறுமையாய் இருக்கிறது, வந்து அமருங்கள்!