டங்டுட்: மேளக்காரரின் கையில் வாழும் இசை

ஜாவாத் தீவின் கல்யாணப் பந்தலிலும், தேர்தல் மேடையிலும், நெடுந்தூரப் பேருந்திலும் ஒலிக்கும் டங்டுட், இந்தோனேசியப் பொதுமக்களின் இசையாகப் பல பத்தாண்டுகள் வாழ்ந்து வந்தபோதிலும், அதன் நுட்பத்துக்காகப் போற்றப்பட்டதைக் காட்டிலும் பாடகியரின் ஆட்டத்துக்காகப் பழிக்கப்பட்டதே மிகுதி. இது பெரும் அநீதி. ஏனெனில் இக்கலையின் உயிர் மேளக்காரரின் விரல்களில் இருக்கிறது.

தபலாவை ஒத்த இரட்டை மேளமே இதன் அடிப்படைக் கருவி. கெண்டாங் என்பது அதன் பெயர். நான்கு எண்ணிக்கை கொண்ட சுற்றின் கடைசி எண்ணிக்கையில் 'டங்' எனக் கணீரென்று ஓர் ஒலி எழ, அடுத்த சுற்றின் முதல் எண்ணிக்கையில், பெரிய மேளத்தின் தோலை உள்ளங்கை அழுத்தி வழுக்குவதால் 'டுட்' என்னும் குழைவான ஒலி பிறக்கிறது. ஒரு சுற்றின் முடிவும் அடுத்ததன் தொடக்கமும் இவ்வாறு ஒரே மூச்சில் பிணைவதால், கேட்பவரின் உடல் தானாகவே அசையத் தொடங்குகிறது. 'கோயாங்' எனப்படும் இடையசைவு ஆட்டம் அந்த மேளத்துக்கு உடல் தரும் மறுமொழியே.

'ஒர்கெஸ் மெலாயு' என்னும் மலாய் இசைக்குழுக்கள் 1950களில் இந்தித் திரைப்பட மெட்டுகளையும் அரபு இசைச் சாயலையும் உள்வாங்கி வளர்த்த மரபிலிருந்து கிளைத்த இவ்விசைக்கு, 1970களில் முழு உருவம் தந்தவர் பாடகர் ரோமா இராமா. புல்லாங்குழலும் கெண்டாங்கும் இருந்த இடத்தில், டீப் பர்ப்பிள் போன்ற ராக் குழுக்களின் பாணியில் மின்கிதாரையும் சேர்த்த அவருடைய சொனெத்தா குழு, இஸ்லாமிய அறவுரையையும் ஏழைகளின் மனக்குறையையும் ஒரே மேடையில் பாடியது. அதிபர் சுகார்த்தோவின் ஆட்சியில் எதிர்த்தரப்பு இஸ்லாமியக் கட்சிக்காக அவர் பிரசாரம் செய்ததால், அரசுத் தொலைக்காட்சி அவருக்குப் பல ஆண்டுகள் கதவடைத்தது. ஆயினும் ஒலிநாடாக்களும் திரைப்படங்களும் அவரை ஊர்தோறும் கொண்டு சேர்த்தன.

அத்தகையவரே 2003இல் கிழக்கு ஜாவாவைச் சேர்ந்த பாடகி இனுல் தராதிஸ்தாவின் சுழலாட்டத்தை வெளிப்படையாகக் கண்டித்தது வருந்தத்தக்கது. இடுப்பைத் துளையிடும் கருவிபோல் சுழற்றிய அந்த ஆட்டம், சிற்றூர் மேடைகளில் பதிவான திருட்டு விசிடிகளின் வழியே நாடெங்கும் பரவி, ஒழுக்கம் பற்றிய பெரும் விவாதமாக வெடித்தது. அந்த ஆரவாரத்தில் தாளத்தைக் குறித்துப் பேசியவர் மிகச் சிலரே.

உண்மையில் அப்போது மாறிக்கொண்டிருந்தது தாளம்தான். கிழக்கு ஜாவாவில் 1990களில் உருவான 'கொப்லோ' என்னும் விரைவு நடை, உள்ளூர் நாட்டுப்புற மேளத்தின் அடிகளை நெருக்கமாகக் கோத்து, டங்டுட்டுக்குப் புதுத் துடிப்பைக் கொடுத்தது. அதே வேகத்தில் 'டுட்' ஒலியின் குழைவு ஓரளவு கரைந்துபோனதையும் மறுப்பதற்கில்லை. 2018இல் ஜகார்த்தாவில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டிகளின் தொடக்க விழாவில், கொப்லோ மேடைகளில் புகழ்பெற்ற வியா வாலன் கருப்பாடலைப் பாடியபோது, ஒருகாலத்தில் கீழ்த்தட்டினருக்கு உரியதென ஒதுக்கப்பட்ட இசை நாட்டின் முகமாகவே நின்றது.

இக்கலையை அறிய விழையும் நேயர்கள், ரோமா இராமாவும் பாடகி எல்வி சுகேசியும் 1970களில் இணைந்து பாடிய பாடல்களிலிருந்து தொடங்கலாம். முதல்முறை குரலைத் தொடர்ந்தும், மறுமுறை மேளத்தை மட்டுமே தொடர்ந்தும் கேட்டால், பாடகர் மூச்சு வாங்கும் இடைவெளிகளில் கெண்டாங் எவ்வளவு பேசுகிறது என்பது விளங்கும்.