மழையும் மலைக்குடைவும்

கம்பம் பள்ளத்தாக்கிலே, மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில், பண்ணைப்புரம் என்றொரு சிற்றூர் உண்டு. இன்று தேனி மாவட்டத்தில் இருக்கும் இவ்வூர் முன்னர் மதுரை மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. இவ்வூரில் 1943-ஆம் ஆண்டு பிறந்த இராசையா என்னும் சிறுவரே பின்னாளில் இளையராஜா என்று உலகறிந்தார். 'இசைஞானி' என்ற பட்டத்தைக் கலைஞர் மு. கருணாநிதி அவர்கள் வழங்கினார்கள். இசைஞர் பலர் உளர். ஞானி என்று மக்கள் அழைக்கும் இசைஞர் அரியர். அச்சொல்லுக்கு அவர் வாழ்வில் என்ன பொருள் என்பதையே இன்று ஆராயப் போகிறோம்.

இளையராஜா அவர்கள் தம் இசையைப் பற்றிப் பேசுகையில், அது தானாகவே வருகிறது என்று பலமுறை கூறியிருக்கிறார்கள். இதைக் கேட்கும் இளைஞருக்கு ஓர் ஐயம் எழுவது இயற்கை. 'தானாக வருவதாயின் பயிற்சி எதற்கு? வருவோர்க்கு வரும், வராதோர்க்கு வராது. நமக்கேன் வீண் முயற்சி?' என்று அவர் எண்ணக்கூடும். இவ்வெண்ணம் எத்தனையோ இளைஞரின் ஊக்கத்தைக் கெடுத்துவிடும். ஆகவே அவருடைய வாழ்க்கை இதற்கு என்ன விடை தருகிறது என்று பார்ப்போம்.

இவர் இசையைக் குலத்தொழிலாகக் கொண்ட குடும்பத்தில் பிறந்தவர் அல்லர். வயலில் பாடப்படும் பாட்டும், தாயார் சின்னத்தாயம்மாளின் பாட்டுமே இவர் கேட்ட முதல் இசை. தமையனார் பாவலர் வரதராசன் பொதுவுடைமை இயக்க மேடைகளில் பாடிப் புகழ் பெற்றவர். 1958-இல் மலைக்கு அப்பாலுள்ள தேவிகுளம் தொகுதியில் நடந்த இடைத்தேர்தலில் அவருடைய பாட்டு மக்களைப் பெரிதும் ஈர்த்தது. பதினான்கு வயதளவில் இராசையாவும் அக்குழுவில் சேர்ந்தார். ஆர்மோனியத்தைச் சுமந்து ஊர் ஊராகச் சென்ற ஆண்டுகள் பல. எந்த மெட்டுக்கு எளிய மக்களின் முகம் மலர்கிறது என்பதை அவர் அந்த மேடைகளிலே கற்றார்.

1968-இல் சகோதரர்கள் சென்னைக்குப் புறப்பட்டபோது, தாயார் வீட்டிலிருந்த வானொலிப் பெட்டியை நானூறு ரூபாய்க்கு விற்று, அப்பணம் முழுவதையும் அவர்களிடம் கொடுத்தார். வீட்டில் ஒலித்துக்கொண்டிருந்த பாட்டு நின்றது. பிள்ளைகளின் பாட்டுக்கு வழி பிறந்தது.

சென்னையில் அவர் செய்த முக்கியக் காரியம் யாது? மாணவராக அமர்ந்ததுதான். மேடையில் பல்லாண்டு கைதட்டல் பெற்றவர், தன்ராஜ் மாஸ்டர் என்னும் ஆசிரியரிடம் மேனாட்டு இசையை அரிச்சுவடியிலிருந்து தொடங்கினார். இசையைக் குறியீட்டால் தாளில் எழுதும் முறையையும், இரண்டு மூன்று மெட்டுகள் ஒரே நேரத்தில் ஒன்றையொன்று தழுவிச் செல்லுமாறு அமைக்கும் முறையையும் பயின்றார். லண்டன் டிரினிடி இசைக் கல்லூரியின் கிடார்த் தேர்வில் தங்கப் பதக்கம் பெற்றார். கர்நாடக இசையை டி. வி. கோபாலகிருஷ்ணனிடம் கற்றார். ஜி. கே. வெங்கடேஷ் என்னும் இசையமைப்பாளரிடம் உதவியாளராகப் பணியாற்றினார். 1976-இல் 'அன்னக்கிளி' வெளிவந்தபோது நாடு புதிய இசையொன்றைக் கேட்டது. அதற்குப் பின்னால் எட்டு ஆண்டுக் கல்வி இருந்தது.

நம் பள்ளத்தாக்கிலேயே இதற்கு நல்லதோர் உவமை உண்டு. மலையுச்சியில் மழை தானாகவே பொழிகிறது. அதை எவரும் வருவிக்க இயலாது. ஆனால் பெரியாற்றின் வெள்ளம் நெடுங்காலம் மேற்கே ஓடி அரபிக்கடலில் கலந்துகொண்டிருந்தது. கிழக்கே நம் நிலங்கள் காய்ந்து கிடந்தன. பென்னிகுக் என்னும் பொறியாளர் தலைமையில் அணை கட்டி, மலையைக் குடைந்து, 1895-இல் அந்நீரைக் கிழக்கே திருப்பினர். மழை இயற்கையின் கொடை. அணையும் குடைவும் மனிதனின் உழைப்பு. இளையராஜாவிடம் இசை தானாக வந்தது மெய்யே. வந்ததைத் தேக்கி, நெறிப்படுத்தி, மக்களின் செவிக்குக் கொண்டு வந்தது அவர் கற்ற கல்வி. இசைக்கருவியின் துணையின்றியே மெட்டை மனத்தில் கேட்டு, எல்லாக் கருவிகளுக்கும் உரிய பகுதிகளைத் தாளில் எழுதிவிடும் ஆற்றல் அக்கல்வியின் பயனாகும்.

அப்படியாயின் ஞானம் எங்கே இருக்கிறது? இத்தனை உழைத்த பிறகும், 'இது என்னால் ஆனது' என்று கருதாத மனநிலையில் இருக்கிறது. அவர் திருவண்ணாமலை ரமண மகரிஷியிடம் ஆழ்ந்த பற்றுடையவர். ரமணரைப் பற்றித் தாமே பாடல்கள் இயற்றி இசையமைத்தவர். 'நான் யார்?' என்று தன்னையே வினவச் சொன்னவர் ரமணர். அவ்வினாவை ஏற்றவர், புகழ் வந்து சூழும்போதும், இதைச் செய்தவன் யார் என்று தம்மையே கேட்டுக்கொள்வார் அல்லவா? 1986-இல் வெளியிட்ட கருவியிசைத் தொகுப்பைத் தியாகராஜ சுவாமிகளுக்கும் ஜெர்மானிய மேதை பாஹ் என்பவருக்கும் அவர் காணிக்கையாக்கினார். இருவரும் இசையையே இறைவழிபாடாகக் கொண்டவர்கள். 2005-இல் மாணிக்கவாசகரின் திருவாசகப் பாடல்களை ஹங்கேரி நாட்டின் புடாபெஸ்டு இசைக்குழுவைக் கொண்டு இசைவடிவாக்கினார். 2025 மார்ச்சு 8-ஆம் நாள், தம் எண்பத்தொன்றாம் வயதில், தாம் எழுதிய சிம்பொனியை லண்டனில் அரங்கேற்றினார். ஓய்வு கொள்ளும் வயதிலும் எழுதுகோலை அவர் கீழே வைக்கவில்லை.

மாணவர்களே, உழைப்பவன் செருக்குறுவது எளிது. அருளை நம்புகிறவன் சோம்பியிருப்பது அதனினும் எளிது. உழைப்பையும் பணிவையும் ஒருங்கே கைக்கொள்வதே அரிது. கணக்கோ, கவிதையோ, கைத்தொழிலோ, உங்கள் துறை எதுவாயினும் ஆகுக. மழை என்று வரும் என்பது எவருக்கும் தெரியாது. அது வரும் நாளில் உங்கள் வாய்க்கால் வெட்டப்பட்டிருக்க வேண்டும். அந்த வேலையை இன்றே தொடங்கலாம்.