சிசிலித் தீவின் முஸ்லிம்கள்: மன்னரின் தயவில் இருநூறு ஆண்டுகள்

(நமது அறக்கட்டளையின் குடும்பச் சந்திப்பில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



 

ஐரோப்பாவில் இஸ்லாம் என்று பேச்செடுத்தால் நாம் நேராக ஸ்பெயினுக்குப் போய்விடுகிறோம். குர்துபா பள்ளிவாசல், கிரனாடாவின் அல்ஹம்ரா மாளிகை என்று பேசிப் பெருமூச்சு விட்டுக் கலைந்துவிடுகிறோம். சிசிலியைப் பற்றி நம் மேடைகளில் அவ்வளவாகப் பேசுவதில்லை. இத்தாலி ஒரு பூட்ஸ் காலைப் போல இருக்கும் அல்லவா? அந்தக் கால் உதைக்கப்போகும் கல்லைப் போலக் கிடக்கும் தீவுதான் சிசிலி. துனீசியாவிலிருந்து கடல் வழியாகச் சுமார் 150 கிலோமீட்டர்தான். அந்தத் தீவில் முஸ்லிம்கள் ஆண்ட கதையைவிட, ஆட்சி போன பிறகு வாழ்ந்த கதையில்தான் நாம் யோசிக்க வேண்டியது அதிகம் இருக்கிறது. இன்று அதைத்தான் பார்க்கப் போகிறோம்.

முன்கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுவோம். கி.பி. 827-ல் வட ஆப்பிரிக்காவின் அக்லபி ஆட்சியாளர்கள் அனுப்பிய படை சிசிலியில் இறங்கியது. அதன் தளபதி அஸத் இப்னு அல்-ஃபுராத் கைரவானின் காஜி, எழுபதை நெருங்கிய ஆலிம். இமாம் மாலிக்கிடமும், இமாம் அபூஹனீஃபாவின் மாணவரான முஹம்மத் அஷ்ஷைபானியிடமும் ஓதியவர். நான்கு ஆண்டுகளில், 831-ல், பலெர்மோ நகரம் கைக்கு வந்தது. முழுத் தீவும் வசமாக எழுபது ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று.

973-ல் பலெர்மோவுக்கு வந்த பயணி இப்னு ஹவ்கல், அங்கே முந்நூறுக்கும் மேற்பட்ட பள்ளிவாசல்கள் இருந்ததாக எழுதுகிறார். நமக்குக் கேட்கவே இனிக்கிறது. ஆனால் அவர் இதைப் புகழ்ந்து எழுதவில்லை, குறைப்பட்டுக்கொண்டு எழுதினார். ஒவ்வொரு வீட்டாருக்கும் தமக்கென்று தனிப் பள்ளிவாசல் வேண்டும் என்ற பெருமைதான் இதற்குக் காரணமாம். ஓர் அம்பு பாயும் தூரத்துக்குள் பத்துப் பள்ளிவாசல்கள், சில எதிரும் புதிருமாக! ஓர் ஆலிம் தமது பள்ளிவாசலிலிருந்து இருபது எட்டில் மகனுக்கென்று தனியாக ஒன்று கட்டிக் கொடுத்தாராம். (இதைக் கேட்டு நீங்கள் பக்கத்தில் இருப்பவரைப் பார்த்துச் சிரிக்க வேண்டாம்.)

அடுத்த எண்பது ஆண்டுகளில் தீவு துண்டு துண்டாகிப்போனது. ஊருக்கொரு அமீர். கிழக்குப் பக்கத்தை ஆண்ட இப்னு அத்துமனாவுக்கும் நடுப்பகுதியை ஆண்ட இப்னு அல்-ஹவ்வாஸுக்கும் பகை. இருவரும் மைத்துனர்கள். இப்னு அத்துமனா போதையில் தன் மனைவியின் கை நரம்புகளை அறுக்கச் சொன்னான், பிழைத்துக்கொண்ட அவள் அண்ணன் வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தாள், அண்ணன் திருப்பி அனுப்ப மறுத்தான், போர் மூண்டது என்று வரலாற்றாசிரியர் இப்னு அல்-அஸீர் எழுதுகிறார். தோற்றுப்போன கணவன் கடலைக் கடந்து, தென் இத்தாலியில் இருந்த நார்மன் வீரர்களிடம் உதவி கேட்டான். 1061-ல் அவர்கள் வந்தார்கள். வந்தவர்கள் திரும்பிப் போகவில்லை. 1072-ல் பலெர்மோ விழுந்தது. 1091-ல் கடைசிக் கோட்டையும் போனது. அழைத்து வந்தவன் அதற்கு வெகுமுன்பே, 1062-லேயே கொல்லப்பட்டிருந்தான்.

இனிமேல்தான் நமது விஷயம். வென்ற நார்மன்கள் கிறிஸ்தவர்கள். ஆனால் தீவில் பெரும்பான்மையோர் முஸ்லிம்கள், அடுத்து கிரேக்கக் கிறிஸ்தவர்கள். நார்மன்களோ ஒரு கைப்பிடிப் பேர். அதனால் முஸ்லிம்கள் தங்கள் மார்க்கத்தையும் காஜியையும் வைத்துக்கொள்ளலாம், வரி கட்ட வேண்டும் என்று ஒப்பந்தம் ஆயிற்று. அந்த வரிக்குப் பெயரே ஜிஸ்யா! முஸ்லிம் அரசுகள் பிற சமயத்தாரிடம் வாங்கிய வரியை, அதே பெயரில் ஒரு கிறிஸ்தவ அரசு முஸ்லிம்களிடம் வாங்கியது.

1130 கிறிஸ்துமஸ் நாளில் இரண்டாம் ரோஜர் மன்னராக முடிசூடினார். அவரது அரசவையைப் பற்றிப் படித்தால் நம் கண்கள் விரிந்துபோகும். அவருக்காக நெய்த சிவப்புப் பட்டு மேலங்கியின் ஓரம் முழுக்கக் கூஃபி எழுத்தில் அரபி வாசகம். ஹிஜ்ரி 528-ல் செய்தது என்று அதிலேயே இருக்கிறது. இன்றும் வியன்னாவில் பார்க்கலாம். அவரது தங்கக் காசில் அரபி. அரண்மனைத் தேவாலயத்தின் மேற்கூரையில் அரபி. ஷரீஃப் அல்-இத்ரீஸி அவரது ஆதரவில்தான் உலகப் புவியியல் நூலை எழுதினார். 70 வரைபடங்கள் கொண்ட அந்த நூல் 1154-ல் நிறைவு பெற்றது. 'ரோஜரின் புத்தகம்' என்றே அதற்குப் பெயர் நிலைத்துவிட்டது.

ரோஜர் ஏன் இப்படி நடந்தார்? நல்ல மனம் என்று சொல்லிவிட்டுப் போகலாம்தான். ஆனால் அவரது நிலைமையையும் பார்க்க வேண்டும். சொந்த இனத்துப் பிரபுக்கள் அடிக்கடி கலகம் செய்தார்கள். ரோமில் இருந்த போப்புடன் சண்டை. 1139-ல் போப்பையே சிறைபிடித்துத்தான் தன்னை மன்னராக ஒப்புக்கொள்ள வைத்தார். போப் ஒரு மன்னரைச் சபையிலிருந்து விலக்கினால், கிறிஸ்தவப் படைவீரனுக்கு மனம் தடுமாறும். முஸ்லிம் படைவீரனுக்கு அது ஒரு பொருட்டே இல்லை. முஸ்லிம் அதிகாரிக்கும் மன்னரைத் தவிர வேறு போக்கிடம் கிடையாது. ஆக, அவர்களுடைய ஆதரவற்ற நிலையேதான் மன்னரிடம் அவர்களுக்கு மதிப்பைக் கொடுத்தது. இந்த ஒரு விஷயத்தை மனதில் வைத்துக்கொண்டால் பின்னால் நடந்தது எல்லாம் விளங்கும்.

அரபி இன்னோர் இடத்திலும் எழுதப்பட்டது. 'ஜராயித்' என்று பேரேடுகள். எந்த கிராமத்தில் எந்தெந்த முஸ்லிம் குடும்பத் தலைவர்கள் என்று பெயர் பெயராக எழுதிய பட்டியல்கள். நிலத்தை ஒரு பிரபுவுக்கோ மடத்துக்கோ மன்னர் கொடுத்தால், அதில் இருந்த குடும்பங்களும் பண்ணையாட்களாக நிலத்தோடு சேர்ந்து போவார்கள். ரோஜரின் பேரன் இரண்டாம் வில்லியம், மொன்ரியாலே என்ற இடத்தில் பெரிய மடம் கட்டி, மேற்கு சிசிலியில் முஸ்லிம்கள் வாழ்ந்த பரந்த நிலப்பகுதியை அதற்கு எழுதிக் கொடுத்தார். அந்த ஆவணங்கள் அரபியும் லத்தீனும் சேர்ந்து இன்றும் இருக்கின்றன. மன்னரின் மேலங்கியை அலங்கரித்த அதே எழுத்துதான், கிராமத்துக் குடியானவரை நிலத்தோடு கட்டிப் போட்டதும். அரசவைச் சிறப்பை மட்டும் பேசும் புத்தகங்களைப் படிக்கும்போது இந்தப் பேரேட்டையும் பக்கத்தில் வைத்துப் பார்ப்பது நல்லது.

அரண்மனைக்குள்ளும் எல்லாம் நிம்மதியாக இல்லை. ரோஜரின் கடற்படைத் தளபதி ஃபிலிப், பெயரளவில் கிறிஸ்தவர். ஆப்பிரிக்கக் கரையில் ஒரு நகரைப் பிடித்தபோது அங்குள்ள ஆலிம்களையும் மக்களையும் இரக்கத்தோடு நடத்தினார். உள்ளுக்குள் முஸ்லிம் என்று குற்றம் சாட்டப்பட்டு 1153-ல் எரித்துக் கொல்லப்பட்டார். அதுவும் இத்ரீஸி நூலை முடித்துக்கொண்டிருந்த அதே நாட்களில், அதே மன்னரின் உத்தரவில்! 1161-ல் பிரபுக்கள் முதலாம் வில்லியமுக்கு எதிராகக் கலகம் செய்தபோது, முதலில் வெட்டப்பட்டவர்களில் பலெர்மோ முஸ்லிம்களும் இருந்தார்கள். மன்னருக்கு வேண்டியவர்கள் என்பதே அவர்கள் செய்த குற்றம்.

இனி இப்னு ஜுபைரைப் பார்ப்போம். மதுரைக்கு வந்த இப்னு பதூதாவை நமக்குத் தெரியும். அவருக்கு நூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன்பு ஸ்பெயினிலிருந்து ஹஜ்ஜுக்குப் போனவர் இப்னு ஜுபைர். திரும்பும் வழியில், 1184 டிசம்பரில், நோன்பு மாதத்தில், அவரது கப்பல் மெஸ்ஸினா கரையருகே உடைந்தது. படகுக்காரர்கள் கரை சேர்க்கக் கூலி கேட்டார்கள். ஏழை ஹாஜிகளிடம் காசில்லை. அப்போது கரைக்கு வந்திருந்த மன்னர் இரண்டாம் வில்லியம் விஷயம் கேள்விப்பட்டு, தம் காசு நூறு கொடுத்து அவர்களை இறக்கச் செய்தார். இந்த மன்னருக்கு அரபி எழுதப் படிக்கத் தெரியும். 1169 நிலநடுக்கத்தின்போது அரண்மனைப் பெண்களும் ஊழியர்களும் பயத்தில் அல்லாஹ்வை அழைத்தார்களாம். மன்னர் வந்ததும் திடுக்கிட்டு நின்றார்கள். அவரவர் வணங்கும் இறைவனை அவரவர் அழைக்கட்டும் என்று சொல்லிவிட்டாராம்.

இப்படியும் ஒரு மன்னரா என்று வியக்கும்போதே, இப்னு ஜுபைர் அடுத்த பக்கத்தைத் திருப்புகிறார். மெஸ்ஸினாவில் அரண்மனை அதிகாரி ஒருவர் அவரைச் சந்தித்தார். பெயர் அப்துல் மஸீஹ். முதலில் அறையில் இருந்த வேலையாட்களை எல்லாம் வெளியே அனுப்பினார். பிறகு மக்காவைப் பற்றியும் மதீனாவைப் பற்றியும் விசாரித்தார், கேட்கக் கேட்க உருகினார். அந்தப் புண்ணிய பூமியிலிருந்து கொண்டுவந்த ஏதாவது ஒன்றை நினைவாகக் கேட்டார். ஈமானை வெளியே காட்ட முடியாத நிலை. தொழுகை நேரம் வந்தால் இத்தகைய ஊழியர்கள் ஒவ்வொருவராக மன்னர் முன்னிருந்து நழுவிப் போய்த் தொழுதுவிட்டு வருவார்களாம். மன்னருக்குத் தெரியாமல் இல்லை. தெரிந்தும் தெரியாததுபோல இருந்தார்.

பலெர்மோவில் பாங்கு சத்தம் கேட்டது, மோதினார் இருந்தார், காஜி இருந்தார். ஆனால் ஜும்ஆ இல்லை, குத்பா தடை. இரு பெருநாட்களில் மட்டும் குத்பா ஓதலாம். திராப்பனி துறைமுகத்தில் பெருநாளன்று மக்கள் கொட்டு முழக்கத்தோடு தொழுகைக்குப் போனதையும், கிறிஸ்தவர்கள் அதைக் கண்டுகொள்ளாமல் விட்டதையும் பார்த்து இப்னு ஜுபைர் ஆச்சரியப்பட்டார்.

ஆனால் வீடுகளுக்குள் நடந்ததைக் கேட்டபோது அவர் மனம் உடைந்தது. தகப்பன் மகனைக் கோபித்தாலோ, தாய் மகளைக் கடிந்துகொண்டாலோ, அந்தப் பிள்ளை கோபத்தில் சர்ச்சுக்குள் ஓடி ஞானஸ்நானம் பெற்றுவிடலாம். அதன்பின் பெற்றோருக்கு அந்தப் பிள்ளை இல்லை. மனைவி விஷயத்திலும் அப்படியே. அதனால் பிள்ளைகளைக் கண்டிக்கவும் பயந்து வாழ்ந்தார்கள். திராப்பனியில் வசதியான ஒருவர் தம் கன்னி மகளை ஹாஜிகளில் ஒருவருக்கு மணமுடித்து, முஸ்லிம் நாட்டுக்கு அழைத்துப் போகச் சொன்னார். பிரிந்தால் திரும்பப் பார்க்கப் போவதில்லை என்று தெரிந்தே அனுப்பினார். அந்தப் பெண்ணும் சம்மதித்தாள்.

தீவின் முஸ்லிம்களுக்கெல்லாம் தலைவராக மதிக்கப்பட்டவர் இப்னு ஹம்மூத், பெரும் செல்வர். மன்னரின் சந்தேகத்துக்கு ஆளாகி முப்பதாயிரம் தீனாருக்கு மேல் இழந்து நின்றார். நானும் என் குடும்பமும் அடிமைகளாக விற்கப்பட்டாலும் பரவாயில்லை, அந்த வழியிலாவது முஸ்லிம் நாட்டுக்குப் போய்விடுவோமே என்று ஏங்கினார். தலைவருக்கே இந்தக் கதி என்றால் மற்றவர்களை என்ன சொல்வது?

1189-ல் வில்லியம் வாரிசில்லாமல் இறந்தார். உடனே பலெர்மோவில் முஸ்லிம்கள் தாக்கப்பட்டார்கள். உயிர் பிழைத்தவர்கள் மேற்கு மலைகளுக்கு ஓடினார்கள். அங்கே கோட்டைகளைப் பிடித்துக்கொண்டு முப்பது ஆண்டுகளுக்கு மேல் யாருக்கும் அடங்காமல் இருந்தார்கள். அவர்களை அடக்கியவர் ரோஜரின் பேரனான பேரரசர் இரண்டாம் ஃபிரெடரிக். ஆம், 1229-ல் சுல்தான் அல்-காமிலோடு போரில்லாமல் ஒப்பந்தம் செய்து ஜெரூசலத்தைப் பெற்றாரே, அவர்தான். அவருக்காக ஜெரூசலத்தில் பாங்கு சொல்லாமல் நிறுத்தியபோது, ஏன் நிறுத்தினீர்கள், கேட்கத்தானே வந்தேன் என்றாராம். அதே மனிதர்தான் சிசிலி முஸ்லிம்களை ஆயிரக்கணக்கில் பெயர்த்தெடுத்து, நூற்றுக்கணக்கான கிலோமீட்டருக்கு அப்பால் தென் இத்தாலியில் லூசேரா என்ற ஊரில் குடியமர்த்தினார். 1220களில் தொடங்கி இருபது ஆண்டுகளுக்கு மேல் இது நடந்தது.

லூசேராவில் அவர்கள் மறுபடி எழுந்தார்கள். உழுதார்கள், ஆயுதங்கள் செய்தார்கள், பேரரசருக்கு வில்வீரர்களாகப் போனார்கள். ஃபிரெடரிக்குக்கும் போப்போடுதான் சண்டை. பழைய கணக்கு மறுபடி வேலை செய்தது. 1261-ல் எகிப்திலிருந்து சுல்தான் பைபர்ஸின் தூதராக வந்த இப்னு வாஸில், ஃபிரெடரிக்கின் மகன் மன்ஃப்ரெடின் பாசறையில் பாங்கு ஒலித்ததையும், லூசேராவில் ஜும்ஆ பகிரங்கமாக நடந்ததையும் எழுதிவைத்தார். பலெர்மோவில் கிடைக்காத ஜும்ஆ இங்கே கிடைத்தது.

ஐந்தே ஆண்டுகள். 1266-ல் போப்பின் அழைப்பில் வந்த பிரெஞ்சு இளவரசர் சார்லஸ், மன்ஃப்ரெடைப் போரில் கொன்று அரசைப் பிடித்தார். லூசேரா எதிர்த்து நின்றது. பட்டினி போட்டதில் 1269-ல் பணிந்தது. அப்போதும் ஊரை அழிக்கவில்லை. வரியும் வில்வீரர்களும் புதிய அரசுக்கும் தேவைப்பட்டதால் முப்பது ஆண்டுகள் விட்டுவைத்தார்கள். ஆனால் இந்த அரசர்கள் போப்பின் நண்பர்கள். போப்பின் சாபத்துக்கு அஞ்சாத படை இவர்களுக்கு எதற்கு? இவர்களுக்குத் தேவைப்பட்டது பணம். சார்லஸின் மகன் இரண்டாம் சார்லஸ், சிசிலித் தீவை மீட்கும் போரில் கடனில் மூழ்கியிருந்தார்.

1300 ஆகஸ்டில், ஹிஜ்ரி 699 முடியும் தறுவாயில், அவரது ஆட்கள் லூசேராவுக்குள் நுழைந்தார்கள். ஆயிரக்கணக்கான ஆண்களும் பெண்களும் பிள்ளைகளும் அடிமைகளாக விற்கப்பட்டார்கள். அவர்களுடைய தானியமும் கால்நடையும் நிலமும் அரசுக் கணக்கில் சேர்ந்தன. ஊரின் பெயரைக்கூட விட்டுவைக்கவில்லை, மர்யம் அம்மையாரின் பெயரை வைத்து சாந்தா மரியா நகரம் என்று மாற்றினார்கள். ஆனால் அந்தப் பெயர் ஒட்டவில்லை. இன்றும் அந்த ஊர் லூசேராதான். இரண்டாம் சார்லஸ் கட்டிய தேவாலயம் அங்கே நிற்கிறது.