ரைன் சுற்றி வரும் ஊர்



சுவிட்சர்லாந்துக்குப் போகிறவர்களில் பலர் ரைன் அருவியைப் பார்க்காமல் திரும்புவதில்லை. ஷாஃப்ஹவுசன் நகரத்தை ஒட்டி, 150 மீட்டர் அகலத்துக்கு, 23 மீட்டர் உயரத்திலிருந்து ஆறு முழுவதும் விழுகிறது. கோடையில் ஆல்ப்ஸ் மலையின் பனி உருகி வரும் நாட்களில், நொடிக்குச் சராசரியாக 600 கன மீட்டர் தண்ணீர். படகில் ஒரு சுற்று வந்து, படம் எடுத்துக்கொண்டு எல்லோரும் பேருந்து ஏறிவிடுகிறார்கள். அந்த ஆற்றோடு இன்னும் சில கிலோமீட்டர் கீழே போனால் ரைனாவ் என்றொரு சிற்றூர் இருக்கிறது. இன்று உங்களை அங்கேதான் அழைத்துப் போகிறேன்.

ரைனாவுக்கு ரயில் கிடையாது. சூரிச் மாநிலத்தின் வட ஓரத்தில் மார்த்தாலன் என்ற ஊரில் இறங்கி, அஞ்சல் துறையின் மஞ்சள் பேருந்தில் ஏற வேண்டும். திராட்சைத் தோட்டமும் கோதுமை வயலும் காடுமாகக் கொஞ்ச தூரம். பிறகு சாலை இறங்கத் தொடங்கும்போது, மரங்களுக்கு நடுவே இரண்டு வெங்காயக் கோபுரங்கள் தெரியும். ஆற்றின் நடுவே ஒரு தீவு. தீவின் மேல் ஒரு பெரிய மடாலயம். அந்த மடாலயத்தின் கோபுரங்கள்தான் அவை.

இந்த இடத்தின் நில அமைப்பை மனத்தில் வாங்கிக்கொண்டால் மற்றதெல்லாம் எளிதாகப் புரியும். அருவியிலிருந்து தெற்கே வரும் ரைன், இங்கே நேராகப் போகாமல் ஒரு பக்கம் வளைந்து, உடனே மறுபக்கமும் வளைந்து திரும்புகிறது. அதனால் அடுத்தடுத்து இரண்டு தீபகற்பங்கள். ஒன்றில் ரைனாவ், எதிர்க்கரையில் உள்ள மற்றொன்றில் அல்டன்பர்க் என்ற ஜெர்மன் ஊர். இரண்டுக்குமே மூன்று பக்கம் தண்ணீர். நான்காவது பக்கத்தில் மட்டும், குடத்தின் கழுத்து மாதிரி குறுகலான நிலம். அந்தக் கழுத்தை அடைத்துவிட்டால் போதும், உள்ளே இருப்பவர்களை யாரும் நெருங்க முடியாது.

இதை முதலில் கண்டுகொண்டவர்கள் கெல்ட் மக்கள். கிறிஸ்து பிறப்பதற்கு முந்தைய நூறு ஆண்டுகளில், இரண்டு கழுத்துகளிலும் மண்ணும் கல்லும் மரமும் கொண்டு மதில் எழுப்பி, ஆற்றின் இரு கரையையும் சேர்த்து ஒரே நகரமாக வாழ்ந்தார்கள். மதில்களுக்குள் அடங்கிய நிலம் சுமார் 300 ஹெக்டேர். அகழாய்வில் இத்தாலியிலிருந்து திராட்சை மது வந்த சாடிகளின் உடைசல்கள் கிடைத்திருக்கின்றன. ஆற்று வழியாக நல்ல வியாபாரம் நடந்திருக்கிறது. இன்று அந்த மதில் புல் மூடிய நீண்ட மேடு. பக்கத்தில் நின்று பார்த்தாலும், யாராவது சொன்னால்தான் மதில் என்று தெரியும்.

கெல்ட் மக்களுக்கு ஒரே ஊராக இருந்தது இப்போது இரண்டு நாடு. நடுவே ஒரு மரப்பாலம், 1804இல் கட்டியது, மேலே ஓடு வேய்ந்த கூரை. மழையில் நனைந்தால் உத்தரங்கள் உளுத்துப்போகும் என்பதால் அந்தக் காலத்துச் சுவிஸ் தச்சர்கள் பாலத்துக்கே வீடு மாதிரி கூரை போட்டார்கள். உள்ளே நடந்தால் வெளிச்சம் குறைந்து, மர வாடையும் ஆற்றின் ஈரமும் சேர்ந்து வரும். பாதிப் பாலத்தில் சுவிட்சர்லாந்து முடிந்து ஜெர்மனி தொடங்கிவிடுகிறது. 2008இல் சுவிட்சர்லாந்து ஷெங்கன் ஏற்பாட்டில் சேர்ந்த பிறகு கடவுச்சீட்டைக் காட்டச் சொல்லி யாரும் வழக்கமாக நிறுத்துவதில்லை. எதிர்க்கரைக்கும் ஒரு விசித்திர வரலாறு உண்டு. 1840 முதல் 1935 வரை, அந்தப் பகுதி ஜெர்மனியைச் சேர்ந்ததாக இருந்தும் ஜெர்மன் சுங்க எல்லைக்கு வெளியே வைக்கப்பட்டிருந்தது. ஏறக்குறைய சுற்றிலும் சுவிஸ் நிலம் சூழ்ந்திருந்ததால் அந்த ஏற்பாடு.

இனித் தீவுக்குப் போவோம். கீழூர் என்று சொல்லப்படும் பழைய தெருவின் கடைசியில், ஒரு சிறு பாலம் தீவுக்கு இட்டுச்செல்கிறது. எட்டாம் நூற்றாண்டின் கடைசியில், ஏறத்தாழ 778இல், பெனடிக்ட் சபைத் துறவிகளுக்காக இங்கே மடாலயம் அமைந்தது. அதற்குப் பெயர் வாங்கித் தந்தவர் அயர்லாந்துக்காரர் ஒருவர்: ஃபின்டான். வைக்கிங் கொள்ளையர் அவரைப் பிடித்து அடிமையாகக் கொண்டுபோனார்கள். ஸ்காட்லாந்துக்கு வடக்கேயுள்ள ஆர்க்னி தீவுகளில் தப்பி, தன்னை மீட்ட கடவுளுக்கு நன்றியாக ரோமுக்கு யாத்திரை போய், 851இல் ரைனாவ் வந்து சேர்ந்தார். சில ஆண்டுகள் கழித்து ஒரு சிறு அறைக்குள் போய், வாசலைச் சுவர் வைத்து அடைக்கச் செய்தார். 22 ஆண்டுகள். 878இல் இறந்துதான் வெளியே வந்தார். பிடிபட்டு அடிமையாகக் கிடந்த மனிதர், தன் விருப்பத்தால் இன்னும் சிறிய இடத்தைத் தேர்ந்துகொண்டது எனக்கு இன்றும் வியப்பாகவே இருக்கிறது.

சூரிச் நகரம் சீர்திருத்தச் சபைக்கு மாறிய காலத்தில், 1529இல், மடாலயத்தை மூடினார்கள். 1531இல் காப்பெல் போரில் கத்தோலிக்கர் வென்று, சீர்திருத்தத் தலைவர் ஸ்விங்லி களத்திலேயே கொல்லப்பட்டார். மறு ஆண்டு துறவிகள் திரும்பி வந்தார்கள். இப்போது நாம் பார்க்கும் பெரிய தேவாலயம் பதினெட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஃபிரான்ஸ் பேயர் என்ற கட்டடக் கலைஞர் எழுப்பியது. தென்கோபுரம் மட்டும் பழசு, பதினாறாம் நூற்றாண்டு. அதைப் பார்த்து அப்படியே வடகோபுரத்தைக் கட்டினார்கள். உள்ளே தங்கப் பூச்சும் பளிங்குச் சாயலும் ஓவியக் கூரையும். 1715இல் முடிந்த பெரிய ஆர்கன் இசைக்கருவி இன்றும் அங்கே இருக்கிறது. ஊர் மக்கள் கும்பிடுவதற்கு மேட்டின் மேல் தனியாக ஒரு கோவில் உண்டு. இந்தப் பெரிய கோவில் துறவிகளுக்கானது.

1803இல் ரைனாவ் சூரிச் மாநிலத்தோடு சேர்க்கப்பட்டது. சீர்திருத்தச் சபை மாநிலத்தில் ஒரு கத்தோலிக்க ஊர். 1836இல் புதிய துறவிகளைச் சேர்க்கக் கூடாது என்று மாநிலம் தடை போட்டது. இருந்தவர்கள் வயதாகி ஒவ்வொருவராக மறைய, 1862இல் மாநில மன்றம் மடாலயத்தையே கலைத்தது. நூலகம் சூரிச் போனது. 1260ஆம் ஆண்டையொட்டி எழுதப்பட்ட, தங்கம் மின்னும் ரைனாவ் விவிலியச் சங்கீதச் சுவடி இன்று சூரிச் மத்திய நூலகத்தில்தான் இருக்கிறது.

காலியான கட்டடத்தில் 1867இல் யாரைக் கொண்டுவந்து வைத்தார்கள் தெரியுமா? மனநோயாளிகளை. அதிலும், குணமாக வழியில்லை என்று மருத்துவர்கள் கைவிட்டவர்களை. குடும்பத்திலிருந்தும் நகரத்திலிருந்தும் தூரமாக, ஆறு சூழ்ந்த இடம் அதற்கு வசதியாகப் பட்டது.

1886இல் இந்த விடுதிக்குத் தலைமை மருத்துவராக ஒருவர் வந்தார். முப்பது வயதுகூட நிரம்பவில்லை. பெயர் ஓய்கன் ப்ளாய்லர். சூரிச் ஏரிக்கரையில் ஸோலிகோன் என்ற கிராமத்தில் பிறந்தவர். அக்காலத்து மருத்துவர்கள் பலர் ஜெர்மனியிலிருந்து வந்தவர்கள்; நோயாளி பேசும் சூரிச் நாட்டுப்புறப் பேச்சு அவர்களுக்கு விளங்காது. ப்ளாய்லருக்கு அது தாய்ப்பேச்சு. அப்போது அவர் திருமணமாகாதவர். விடுதிக்குள்ளேயே நோயாளிகளோடு தங்கினார். அவர்களைக் காட்டுக்கும் வயலுக்கும் வேலைக்கு அழைத்துப் போனார். கைவிடப்பட்டவர்கள் என்று சீட்டு எழுதி அனுப்பப்பட்டவர்களின் பேச்சை நாள்தோறும் உட்கார்ந்து கேட்டார், குறித்துக்கொண்டார். மரக்கட்டை மாதிரி அசையாமல் கிடந்த ஒருவர், கையில் வேலை கொடுத்ததும் பொறுப்பாகச் செய்வதைக் கண்டார். நோய் மனத்தின் ஒரு பகுதியைத்தான் பிரித்திருக்கிறது, மனிதர் முழுவதுமாக அழிந்துவிடவில்லை என்று அவருக்குப் புலப்பட்டது இங்கேதான்.

1898 வரை, பன்னிரண்டு ஆண்டுகள், அவர் ரைனாவில் இருந்தார். பிறகு சூரிச்சின் புகழ்பெற்ற புர்க்ஹோல்ஸ்லி மருத்துவமனைக்குத் தலைவரானார். 1908இல் ‘ஸ்கிசோஃப்ரினியா’ என்ற சொல்லை மருத்துவ உலகுக்குத் தந்தவர் அவரே. மனச்சிதைவு என்று இன்று நாம் சொல்லும் நோயைப் பற்றி உலகம் யோசிக்கத் தொடங்கியதன் ஒரு வேர், ரைன் நடுவே இருக்கும் இந்தத் தீவில் ஊன்றியது. மனநோயாளிகளுக்குக் குழந்தை பிறக்காதபடி செய்ய வேண்டும் என்ற கொடுமையான கருத்தையும் பின்னாளில் அவர் ஆதரித்தார். அதை மறைத்துவிட்டு அவரைப் புகழ எனக்கு மனம் வரவில்லை.

விடுதி வளர்ந்தது. தீவு போதாமல், 1901இல் கரையில் புதுக் கட்டடங்கள் எழுந்தன. இருபதாம் நூற்றாண்டில் நோயாளிகள் எண்ணிக்கை ஆயிரத்தைத் தாண்டிய காலமும் உண்டு. ரைனாவின் மக்கள்தொகை ஏறி இறங்கியதைப் புரிந்துகொள்ள வேண்டுமானால் பிறப்பு இறப்புக் கணக்கு மட்டும் போதாது. மருத்துவமனைக் கட்டில்களின் கணக்கும் வேண்டும். தீவிலிருந்த பிரிவு 2000இல் மூடப்பட்டது. நோயினால் குற்றத்தில் சிக்கியவர்களுக்கான சிகிச்சைப் பிரிவு மட்டும் கரையில் இன்னும் இயங்குகிறது. ஊரில் இப்போது ஏறத்தாழ 1,300 பேர். பலருக்கு வேலை ஷாஃப்ஹவுசனிலோ விண்டர்டூரிலோ சூரிச்சிலோ. தீவில் 2003 முதல் சில அருட்சகோதரிகள் வாழ்கிறார்கள். 2014 முதல் இசைக்குழுக்கள் தங்கிப் பயிற்சி செய்ய அறைகள் அங்கே திறக்கப்பட்டிருக்கின்றன. மருத்துவமனை நடத்திய பெரும் பண்ணையை ஓர் அறக்கட்டளை எடுத்து இயற்கை முறையில் உழுகிறது. ஊனமுற்றவர்களுக்கும் அங்கே வேலை உண்டு. அறக்கட்டளையின் பெயர் ஃபின்டான். அந்த நிலத்தையொட்டி இயங்கும் ஒரு விதை நிறுவனம், உழவர் தாமே விதை எடுத்து மறுபடி விதைக்கக்கூடிய காய்கறி ரகங்களை வளர்க்கிறது.

2018இல் இந்தச் சிற்றூரின் பெயர் உலகச் செய்திகளில் அடிபட்டது. எல்லோருக்கும் நிபந்தனையில்லாத அடிப்படை வருமானம் தரலாமா என்ற கேள்விக்கு, 2016இல் சுவிஸ் மக்கள் பெரும்பான்மையாக வேண்டாம் என்று வாக்களித்திருந்தார்கள். ஒரு திரைப்பட இயக்குநர், அதை ஓர் ஊரிலாவது ஓராண்டு செய்து பார்க்கலாம் என்று ரைனாவைத் தேர்ந்தெடுத்தார். 25 வயதைத் தாண்டியவருக்கு மாதம் 2,500 ஃபிராங்க். அதற்கு மேல் சம்பாதிப்பவர் வாங்கியதைத் திருப்பித் தர வேண்டும். ஊரில் பாதிக்கு மேல் பெயர் கொடுத்தார்கள். ஆனால் அதற்கு 60 லட்சம் ஃபிராங்குக்கு மேல் தேவை; பொதுமக்களிடம் திரட்டியதில் அதன் சிறு துளிதான் சேர்ந்தது. திட்டம் நின்றுபோனது.

எனக்கு இதைவிட முக்கியமாகப் படுவது ஆற்றின் கதை. சுவிஸ் அரசு 1944இல், இங்கே நீர்மின் நிலையம் கட்ட உரிமம் தந்தது. மடாலயத்துக்கு மேலே ஆற்றை அணையால் மறித்து, கழுத்து நிலத்துக்கு அடியில் சுரங்கம் வெட்டி, தண்ணீரை வளைவைச் சுற்ற விடாமல் குறுக்கே கடத்துவது திட்டம். பொறியாளர் கணக்கில் அருமையான யோசனைதான். ஆனால் அணையில் தேங்கும் தண்ணீர் அருவியின் அடிவாரம் வரை எட்டும். வளைவுக்குள் ஆறு வறண்டுபோகும். 1951இல் மக்கள் திரண்டார்கள். ஆயிரக்கணக்கானோர் ரைனாவில் கூடினார்கள். கையெழுத்து திரட்டி, உரிமத்தை ரத்து செய்யக் கோரி நாடு முழுவதும் வாக்கெடுப்பு வரை கொண்டுபோனார்கள். 1954 டிசம்பர் 5. மூன்றில் இரண்டு பங்குக்கும் மேலானோர் கோரிக்கையை நிராகரித்தார்கள். கட்டுமான வேலை அதற்குள் நடந்துகொண்டிருந்தது. கொடுத்த உரிமத்தைப் பறித்தால் இழப்பீடு தர வேண்டும் என்ற பயமும் இருந்தது. 1950களின் பிற்பகுதியில் நிலையம் ஓடத் தொடங்கியது. மின்சாரத்தில் சுவிட்சர்லாந்துக்கு 59 விழுக்காடு, ஜெர்மனிக்கு 41.

இப்போது அருவியில் நாம் கேட்ட கணக்கை நினைத்துப் பாருங்கள்: கோடையில் நொடிக்கு 600 கன மீட்டர். ரைனாவ் வளைவுக்குள், சுமார் நாலரை கிலோமீட்டர் தூரத்துக்கு, கட்டாயமாக விடப்படுவது நொடிக்கு 5 கன மீட்டர். அந்தக் குறைவு கண்ணுக்குத் தெரியாதபடி, வளைவில் இரண்டு துணை அணைகள் போட்டுத் தண்ணீரைத் தேக்கி வைத்திருக்கிறார்கள். அதனால் தீவைச் சுற்றி எப்போதும் தண்ணீர் நிறைந்திருக்கும். கோபுரங்கள் அதில் தெளிவாகத் தெரியும், படங்களும் அழகாக வரும். ஆனால் ஒரு சருகைப் போட்டுப் பாருங்கள். அது போகாமல் அங்கேயே நிற்கும். ஓடும் தண்ணீரையும் கூழாங்கல் படுகையையும் நம்பி முட்டையிடும் மீன்களுக்கு அந்த அழகால் பயனில்லை. ஒரு காலத்தில் வட கடலிலிருந்து சால்மன் மீன்கள் நீந்தி இந்த வளைவைக் கடந்து ரைன் அருவி வரை வந்தன. கீழே வரிசையாக எழுந்த அணைகளால் அவற்றின் வழி அடைபட்டது.

தோற்றவர்கள் வீட்டுக்குப் போய்விடவில்லை. ரைனாவின் பெயரிலேயே ஓர் அமைப்பாகத் திரண்டு, மற்ற ஆறுகளுக்காகப் போராடினார்கள். அந்த அமைப்பு இன்று ‘அக்வா விவா’ என்ற பெயரில் வேலை செய்கிறது. 1962இல் இயற்கைப் பாதுகாப்பு சுவிஸ் அரசியலமைப்பில் இடம்பெற்றது. அணைக்குக் கீழே ஆற்றில் போதுமான தண்ணீர் ஓட வேண்டும் என்ற சட்டத்தை 1992இல் மக்கள் வாக்களித்து ஏற்றார்கள். பழைய உரிமங்களை அந்தச் சட்டம் முழுதாகக் கட்டுப்படுத்துவதில்லை. உரிமத்தைப் புதுப்பிக்கும்போதுதான் அதன் முழு வீச்சும் செல்லும். அந்த நாளில் ரைனாவ் வளைவுக்கு எவ்வளவு தண்ணீர் திரும்பக் கிடைக்க வேண்டும் என்பது பற்றித்தான் அந்தக் கரையை நேசிப்பவர்கள் இப்போது வாதாடுகிறார்கள். நீங்கள் போகும்போது அருவியோடு நின்றுவிடாமல், ஆற்றங்கரைப் பாதையில் ரைனாவ் வரை நடந்து, பெரிய அணையையும் துணை அணையையும் ஒரே நாளில் பார்த்து வாருங்கள்.