ஊனத்திற்கு நஷ்ட ஈடு பிச்சையா, உரிமையா?

(கும்பகோணத்தை அடுத்த கிராமக் கூட்டமொன்றில் பேசிய பேச்சின் சாரம்)



இன்று நான் பேச வந்தது மோட்சத்தைப் பற்றி அல்ல. ரஸ்தாவில் லாரி மோதி, உயிர் தப்பி, கையோ காலோ விளங்காமல் போனவர்களுக்கு வர வேண்டிய பணத்தைப் பற்றித்தான். அப்படிப்பட்டவர் வீட்டில் போய்க் கேட்டால், "எல்லாம் தலையெழுத்து" என்கிறார்கள். லாரிக்காரனுடைய அஜாக்கிரதையைத் தலையெழுத்து என்று சொல்லிவிட்டால், அப்புறம் யாரிடம் கணக்குக் கேட்பது? பிரமனிடமா? அவன் எந்த இன்ஷியூரன்ஸ் கம்பெனியிலும் பாலிசி எடுத்ததாகத் தெரியவில்லையே!

தோழர்களே! 1988-ஆம் வருஷத்து மோட்டார் வாகனச் சட்டப்படி நஷ்ட ஈடு என்பது யாரும் இரங்கிப் போடும் பிச்சையல்ல. கேட்டு வாங்க வேண்டிய பாத்தியதை. ஆனால் கணக்குத் தெரியாதவனுக்குப் பாத்தியதை இருந்தும் பிரயோஜனமில்லை.

முக்கியமான சங்கதி ஒன்று. டாக்டர் சர்ட்டிபிகேட்டில் "20 சதவிகித ஊனம்" என்று எழுதினால், சம்பாத்தியத்திலும் 20 சதவிகிதந்தான் போயிற்று என்று நம்மில் அநேகர் நினைக்கிறார்கள். இது தப்பு. 2010-இல் சுப்ரீம் கோர்ட்டு இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. உடம்பின் ஊனம் வேறு, பிழைப்பின் நஷ்டம் வேறு. இடது கை போனால் தச்சருக்கும் டிரைவருக்கும் பிழைப்பே போய்விடும். சர்க்கார் ஆபீஸ் குமாஸ்தாவுக்கு உத்தியோகம் போகாமலே இருக்கலாம். இந்த உதாரணத்தைச் சொன்னது நானல்ல, அந்தக் கோர்ட்டே சொன்னது. டாக்டர் எழுதியது காலின் கணக்கா, உடம்பு முழுவதின் கணக்கா என்பதையும் பார்க்க வேண்டும் என்றது.

இப்போது நம் ஊர்க் கணக்குக்கு வருவோம். நடவுக்குப் போகும் 36 வயதுத் தாய் ஒருவர். மாதம் 9,000 ரூபாய் வருமானம் என்று வைத்துக்கொள்ளுங்கள். முழங்கால் மடங்கவில்லை. வருஷத்திற்கு 1,08,000. சொந்தப் பிழைப்புக்காரருக்கு 40 வயதுக்குக் கீழே, பிற்கால வருமான உயர்வுக்காக 40 சதவிகிதம் கூட்ட வேண்டும் என்பது 2017-ஆம் வருஷத்துத் தீர்ப்பு. கூட்டினால் 1,51,200. 2009-ஆம் வருஷத்துத் தீர்ப்பின் அட்டவணைப்படி 36 முதல் 40 வயது வரை பெருக்க வேண்டிய எண் 15. பெருக்கினால் 22,68,000. இறந்தவர் கணக்கில் சொந்தச் செலவென்று ஒரு பங்கைக் கழிப்பார்கள். இவர் உயிரோடு இருந்து சாப்பிட வேண்டியவர், ஆகையால் கழிக்கக் கூடாது.

இதில் 20 சதவிகிதம் என்றால் 4,53,600. சேற்றில் இறங்கிக் குனிந்து நாற்று நட முடியாதவருக்குப் பிழைப்பில் 60 சதவிகிதம் போயிற்று என்று ருசுப்படுத்தினால் 13,60,800. வித்தியாசம் ஒன்பது லட்சத்துக்கு மேல்! இந்த ஒன்பது லட்சத்தைப் பறிப்பது விதியா? நம்முடைய அறியாமையா? யோசித்துப் பாருங்கள். வைத்தியச் செலவு, வேதனை, துணையாள் செலவு இவையெல்லாம் தனி.

"கூலிக்காரனிடம் சம்பளச் சீட்டு ஏது?" என்று கேட்கலாம். 2014-இல் கால் இழந்த ஒரு காய்கறி வியாபாரியின் வழக்கில், சீட்டு இல்லாமலே மாதம் 6,500 ரூபாய் என்று சுப்ரீம் கோர்ட்டு ஏற்றது. 85 சதவிகித நஷ்டம் என்றும் தீர்மானித்தது. சமைத்துப் பிள்ளை வளர்க்கும் தாய்மார்களின் உழைப்புக்கும் விலை உண்டென்று 2021-இல் அதே கோர்ட்டு சொல்லியிருக்கிறது. வீட்டு வேலையை வேலையே அல்ல என்று சொல்லும் ஆண்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

ஆகவே தோழர்களே! விபத்து நடந்தால் போலீசில் எழுதி வையுங்கள். ஆஸ்பத்திரிக் காகிதங்களைப் பத்திரப்படுத்துங்கள். ஆறு மாதத்திற்குள் மனுப் போடுங்கள். நீங்கள் குடியிருக்கும் பகுதியின் டிரிபியூனலிலேயே போடலாம். முக்கியமாக, இந்தக் கால் அண்டை வெட்டியது, மூட்டை சுமந்தது, இன்று முடியவில்லை என்று சாட்சிக் கூண்டில் ஏறிச் சொல்லுங்கள். நம் வேலை இன்னதென்று டாக்டருக்குத் தெரியாது, ஜட்ஜுக்கும் தெரியாது. நாம்தான் சொல்ல வேண்டும்.

தரகன் நீட்டும் சில்லறைக்கு வெற்றுக் காகிதத்தில் கைநாட்டு வைக்காதீர்கள். நெற்றியில் எழுதியிருப்பதை யாரும் படித்ததில்லை. சர்ட்டிபிகேட்டில் எழுதியிருப்பதைப் படிக்கலாம், கேள்வியும் கேட்கலாம். அப்படிக் கேட்பதே சுயமரியாதை என்று சொல்லி என் பேச்சை முடித்துக்கொள்ளுகிறேன்.