தீர்ப்புக்குப் பின்

திருவள்ளூரை அடுத்த திரூரில் 1904ஆம் ஆண்டில் முதல் வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கம் தோன்றியது. கந்துவட்டியினின்று உழவரைக் காக்க எழுந்த இவ்வியக்கத்தைப் பற்றி நீங்கள் பாடநூலில் படித்திருப்பீர்கள். ஆனால், கொடுத்த கடன் திரும்பி வராவிட்டால் என்ன ஆகும் என்பதைப் பாடநூல் விரித்துரைப்பதில்லை. அதனையே இன்று ஆராய்வோம்.

கூட்டுறவு வங்கியில் உள்ள பணம் யாருடையது? ஓய்வு பெற்ற முதியவர் இட்ட வைப்பு. சிறு வணிகர் சேர்த்த சேமிப்பு. உறுப்பினர் செலுத்திய பங்குத் தொகை. ஆகவே, கடனை வேண்டுமென்றே செலுத்தாதவர் தம் ஊராரின் பணத்தையே முடக்குகிறார்.

இத்தகைய வழக்குகள் விரைந்து முடிய வேண்டும் என்பதற்காகவே தனிச்சட்டம் இயற்றினர். 1988 ஏப்ரல் 13 முதல் நடைமுறைக்கு வந்த 1983ஆம் ஆண்டுத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 90ஆம் பிரிவின்படி, கடன் தாவா பதிவாளரிடம் செல்கிறது. அவரோ, அவரால் அமர்த்தப்பட்டவரோ விசாரித்துத் தீர்ப்பு வழங்குவர். அதனைச் சிவில் நீதிமன்றத் தீர்ப்பைப் போலவே நிறைவேற்றலாம்.

தீர்ப்புக் கிடைத்ததும் பணம் வந்துவிடுமா? இந்தியாவில் வழக்காடுவோரின் தொல்லை தீர்ப்புப் பெற்ற பின்னரே தொடங்குகிறது என்னும் கருத்தை இலண்டன் பிரிவி கவுன்சில் 1872ஆம் ஆண்டிலேயே வெளியிட்டது. ஜப்தி அறிவிப்பு வாயிற்கதவில் ஒட்டப்பட்ட பிறகே பலர் விழித்துக் கொள்கின்றனர். "கணக்குத் தவறு, வட்டி மிகுதி" என்று அப்போது முறையிடுகின்றனர். அதனை விசாரணையில் சொல்லியிருக்க வேண்டும். அல்லது உரிய காலத்திற்குள் மேல்முறையீடு செய்திருக்க வேண்டும். தீர்ப்பை நிறைவேற்றும் நீதிமன்றம் அவ்வழக்கை மீண்டும் விசாரிப்பதில்லை. தீர்ப்பளித்தவருக்கு அதிகாரமே இல்லை என்றால் மட்டும் நிலைமை வேறு.

எனினும், சட்டம் கடனாளியைக் கைவிடவில்லை. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 60ஆம் பிரிவைப் பாருங்கள். உடுக்கும் உடை, சமையற் பாத்திரம், கைத்தொழிலாளியின் கருவி, உழவனின் பிழைப்புக்கு இன்றியமையாத ஏர், மாடு, விதை ஆகியவற்றை ஜப்தி செய்யலாகாது. சாதாரணக் கடன் தீர்ப்பாயின், மாதச் சம்பளத்தில் முதல் 1,000 ரூபாயும் எஞ்சியதில் மூன்றில் இரண்டு பங்கும் பாதுகாக்கப்படுகின்றன. கடன் வசூலாக வேண்டும். ஆனால் கடனாளி மீண்டும் உழைத்து எழும் வழி அடைபடலாகாது என்பதே இதன் கருத்து.

அடுத்து, நீங்கள் உள்ளத்தில் பதிக்க வேண்டியது ஜாமீன். நண்பர் கேட்டார் என்று படிக்காமலே கையெழுத்திடுவோர் எத்தனை பேர்! "வாங்கியவனை விட்டுவிட்டு என்னைப் பிடிப்பது நியாயமா?" என்று பின்னர் அவர்கள் புலம்புகின்றனர். ஒப்பந்தத்தில் வேறு ஏற்பாடு இல்லையெனில், ஜாமீன்தாரரின் பொறுப்புக் கடன் வாங்கியவரின் பொறுப்புக்கு இணையானது என்று 1872ஆம் ஆண்டு இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 128ஆம் பிரிவு கூறுகிறது. வங்கி முதலில் கடனாளியைத் தொடர்ந்தாக வேண்டும் என்னும் கட்டாயமில்லை. அதே சட்டம் ஓர் ஆறுதலும் தருகிறது: பணத்தைக் கட்டிய ஜாமீன்தாரருக்குக் கடனாளியின் மீது வங்கிக்கு இருந்த உரிமைகள் 140ஆம் பிரிவின்படி வந்து சேர்கின்றன. இதை அறியாமல் பணத்தையும் நட்பையும் ஒருங்கே இழந்தவர் பலர்.

இன்னொரு தகராறும் நெடுங்காலம் நீடித்தது. நீதிமன்றம் செல்லாமலே ஈட்டுச் சொத்தைக் கைப்பற்ற வங்கிகளுக்கு வழிவகுக்கும் 2002ஆம் ஆண்டுச் சட்டம் கூட்டுறவு வங்கிகளுக்கும் பொருந்துமா என்பதே அது. பொருந்தும் என்று உச்ச நீதிமன்றத்தின் ஐவர் அமர்வு 2020 மே 5 அன்று தீர்ப்பளித்தது. அச்சட்டத்திலும் 60 நாள் அறிவிப்புக் காலம் உண்டு. விளைநிலத்திற்கு விலக்கும் உண்டு.

மாணவர்களே! வசூலிப்பதில் சோம்பும் நிர்வாகம் சங்கத்தைக் கெடுக்கும். முறை தவறி வசூலிக்கும் நிர்வாகமும் கெடுக்கும். அறிவிப்பு ஒழுங்காகச் சேராத ஒரு ஜப்தி, நியாயமான கடனையும் ஆண்டுக்கணக்கில் வழக்கில் நிறுத்திவிடும். நாளை நீங்கள் உறுப்பினராகவோ, இயக்குநராகவோ, அலுவலராகவோ சங்கத்தின் படியேறுவீர்கள். கையெழுத்திடுமுன் படியுங்கள், அறிவிப்பு வந்த அன்றே விடை எழுதுங்கள், தவணை தவறுமாயின் ஒளியாமல் நேரிற் சென்று காலம் கேளுங்கள். கடனாளியும் சங்கமும் தத்தம் கடமையை உணர்ந்தால், ஏலத் தண்டோராவுக்கு ஊரில் வேலை இராது.